கிறிஸ்துராஜாவின் செற்றி

வீட்டுக்கு ஆள் வருகிறது என்று தெரிந்துவிட்டால் எங்கள் சனம் படும் பாட்டை நான் வேறெங்கும் கண்டதில்லை. ஆமிக்காரன் சோதனை போட வருகிறான் என்றால்கூட இவ்வளவு வேகம் இருக்காது. கண்ணில் படக்கூடாத சாமான் எல்லாம் ஐந்து நிமிடத்தில் மறைந்துபோகும். இல்லாத சாமான் எல்லாம் பக்கத்து வீட்டிலிருந்து வந்து சேரும். வந்தவர் பிஸ்கட் சாப்பிட்டு, தேத்தண்ணி குடித்துப் போனபிறகு எல்லாம் பழையபடி. இதில் பொய் இருப்பதாக யாரும் நினைப்பதில்லை. அது வருகிறவருக்குக் கொடுக்கும் மரியாதை. 1990ஆம் ஆண்டு பெப்ரவரி வரை நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

அப்போது நானும் என் மனைவி தவநாயகியும் சவுத்தாலில் ஒரு மேல்மாடி வீட்டில் வாடகைக்கு இருந்தோம். யாழ்ப்பாணத்தில் படவரைஞனாக இருந்த எனக்கு லண்டனின் மேற்குப் பக்கத்தில் ஒரு சினிமாப் படப்பிடிப்பு நிலையத்தில் வேலை. பெரிய உத்தியோகம் என்று நினைக்கவேண்டாம். சினிமா அரங்கங்களுக்காக மற்றவர்கள் வரைந்த கட்டடப் படங்களை மெஷினில் கொடுத்துப் பிரதி எடுப்பதுதான். அந்த மெஷினின் அமோனியா மணம் உடுப்பில் ஊறிப்போய், தவநாயகி இரண்டடி தள்ளி நின்றுதான் என்னோடு கதைப்பாள்.

அந்த வருடம் அங்கே வேலைக்கு வந்தவர் ஒடீல் வெர்னியே என்ற பிரெஞ்சுப் பெண்மணி. கலை இயக்குநர். படத்தில் நாம் பார்க்கும் வீடு, அறை, கதவு, கதவில் ஒட்டியிருக்கும் அழுக்கு எல்லாம் அவர் பொறுப்பு. அறுபதுக்குக் கிட்ட வயது. காதில் ஒரு பென்சிலைச் செருகிவிட்டு இன்னொரு பென்சில் தேடித் திரிவார். பாரிஸில் பதினெட்டு வயதில், ஒட்டுப்பலகையைப் பளிங்குக்கல் போலக் காட்ட வர்ணம் பூசும் வேலையில் தொடங்கியவர். அதன்பிறகு பத்தொன்பது படங்கள். அரண்மனைகள், ரயில் நிலையங்கள், ஒருமுறை ஒரு முழு மீன்சந்தை. 1982இல் ஒரு சரித்திரப் படத்துக்காக லண்டனுக்கு வந்து நாற்பது கெஜ நீளத்தில் ஒரு மாளிகைக் கூடம் கட்டினார். படம் படுத்துவிட்டது. ‘இந்தப் படத்தில் நன்றாக நடித்தவை தளபாடங்கள் மட்டுமே’ என்று ஒரு பத்திரிகை எழுதியது. அந்த ஒரு வரி அவருடைய தொழிலைத் தின்றுவிட்டது. பிறகு ஏழு வருடமாகச் சவர்க்காரத்தூள் விளம்பரங்களுக்கு அடுப்பும் பாத்திரமுமாகக் குசினி கட்டிக்கொண்டிருந்தார்.

இதெல்லாம் அவரே சொன்னது. பிரதி எடுக்க வந்தால் மெஷினுக்குப் பக்கத்தில் நின்று, பிரெஞ்சு இழுவையோடு ஆங்கிலத்தில் கதை சொல்வார். தன் தோல்வியைச் சிரித்துக்கொண்டு சொல்லக்கூடிய ஆட்களை எனக்குப் பிடிக்கும். எங்கள் ஆட்களிடம் அந்தப் பழக்கம் குறைவு.

இந்த முறை அவர் கையில் இருந்தது ஒரு சின்னப் படம். இலங்கைத் தமிழ் அகதிக் குடும்பம் ஒன்று லண்டனில் இருக்கிறது. அவர்கள் எப்படி வாழ்கிறார்கள் என்று பார்க்க ஒரு குடிவரவு அதிகாரி வருகிறார். முக்கால்வாசிப் படமும் ஒரே அறைக்குள்.

“இது சரிவராவிட்டால் என் தொலைபேசி இனி அடிக்காது, மிஸ்டர் அம்பலம்” என்றார். என் முழுப்பெயர் அம்பலவாணன் அவர் வாயில் நுழைவதில்லை. “உங்கள் வீட்டை ஒருமுறை பார்க்கலாமா? நான் கற்பனை செய்கிறவள் அல்ல. பார்த்ததைத்தான் கட்டுவேன்.”

நான் சரியென்று தலையாட்டிவிட்டேன். மனைவியிடம் கேட்காமல் தலையாட்டியது முதல் பிழை.

எங்கள் முன்னறையின் உண்மை நிலைமையை இங்கே சொல்லிவிடவேண்டும். அதில் மூன்று மெத்தைகள் கிடந்தன. தவநாயகியின் தம்பியும் அவனுடைய சிநேகிதர்களுமாக ஐந்து பேர் அந்த மூன்று மெத்தையிலும் முறை வைத்துப் படுத்தார்கள். இரவு ஷிப்ட் முடித்து ஒருவன் வர, பகல் ஷிப்டுக்கு ஒருவன் எழும்புவான். மெத்தை சூடு ஆறுவதில்லை. சுவரோரம் சூட்கேசுகள், அரிசி மூட்டை, குறுக்கே கட்டிய கயிற்றில் ஈர உடுப்பு. வீட்டுக்காரரைப் பொறுத்தவரை அந்த வீட்டில் நாங்கள் இரண்டே பேர்.

ஒடீல் ஞாயிற்றுக்கிழமை பதினொரு மணிக்கு வருவதாக இருந்தது. ஒன்பது மணிக்குக் கீழ்வீட்டுக் கிறிஸ்துராஜாவின் செற்றி படியேறியது. மூன்று பேர் தாராளமாக உட்காரக்கூடிய, பச்சைப் பூப்போட்ட செற்றி. வாங்கிய நாள் தொடக்கம் அதன் பிளாஸ்டிக் உறையை அவர் கழற்றவில்லை. “உறையைக் கிழிச்சுப்போடாதேங்கோ அம்பலண்ணை” என்று படி முழுக்கச் சொல்லிக்கொண்டே தூக்கிவந்தார். பின்னாலே அவருடைய மனைவி அருமைநாயகியின் கண்ணாடி அலுமாரி, பீங்கான் பொம்மைகளோடு வந்தது. மெத்தை மூன்றும் சுருட்டப்பட்டுக் குளியல் தொட்டிக்குள் நின்றன. அரிசி மூட்டைக்கு மேல் துணி விரித்து, அதற்கு மேல் பூச்சாடி. பெடியள் ஐந்து பேரும் தூறலுக்குள் பூங்காவுக்கு அனுப்பப்பட்டார்கள்.

ஒடீல் சப்பாத்தைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார். பிளாஸ்டிக் கிறீச்சிட உட்கார்ந்தார். பிறகு மூன்று மணி நேரம் அளந்தார், வரைந்தார், படம் பிடித்தார். மன்னாரைச் சேர்ந்த கத்தோலிக்கக் குடும்பத்தின் அலுமாரி என்பதால் பொம்மைகளுக்கு நடுவே மாதா சுரூபம் ஒன்று நின்றது. எடுத்து வைக்க மறந்துவிட்டோம். சுவரில் எங்கள் முருகன்.

“இரண்டு பேரும் ஒரே அறையிலா?” என்று ஒடீல் மாதாவையும் முருகனையும் காட்டிக் கேட்டார்.

உண்மையைச் சொல்ல அப்போது ஒரு நல்ல சந்தர்ப்பம் வந்தது. “ஆம், எங்களுக்கு எல்லாச் சாமியும் ஒன்றுதான்” என்றேன். அவர் அதைக் கொப்பியில் எழுதிக்கொண்டார். போகும் நேரம் குளியலறை எங்கே என்று கேட்டபோது, குழாய் உடைந்துவிட்டது என்று சொல்லித் தவநாயகி அவரைக் கீழ்வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனாள். எங்கள் மானம் தப்பியது. அந்த மனுசியின் தொழிலுக்குக் குழி தோண்டுகிறோம் என்பது எனக்கு அப்போது உறைக்கவில்லை.

அடுத்த மூன்று வாரமும் என் மெஷினுக்குள்ளிருந்து கிறிஸ்துராஜாவின் செற்றி வந்துகொண்டிருந்தது. முன்தோற்றம், பக்கத்தோற்றம், கைப்பிடியின் குறுக்குவெட்டு. தச்சர்கள் சுவர் எழுப்பினார்கள். கண்ணாடி அலுமாரி எழும்பியது. மாதாவும் முருகனும் அளவு பிசகாமல் எதிரெதிரே வந்து நின்றார்கள். நான் அரங்கத்துப் பக்கம் போவதையே குறைத்துக்கொண்டேன்.

மூன்றாம் வாரம் வியாழக்கிழமை டைரக்டர் வந்து பார்த்தார். முப்பது வயது ஆங்கிலேயர். அந்த அறைக்குள் இரண்டு சுற்று நடந்தார்.

“அழகாக இருக்கிறது. ஆனால் தளபாடக் கடைக்குள் நிற்பது போல இருக்கிறது. இதற்குள் யாரும் தூங்கி எழும்பியதாகத் தெரியவில்லை. என்ன பிழை என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை” என்றார்.

தளபாடம் என்ற சொல்லைக் கேட்டதும் ஒடீலின் முகம் வெளிறிப்போனதை நான் கண்டேன். கூட வந்திருந்த தயாரிப்பாளர் சுற்றிவளைக்காமல் சொல்லிவிட்டார். திங்கள் காலை பத்து மணிக்குள் அறை சரியாக வேண்டும். இல்லாவிட்டால் வேறொரு கலை இயக்குநர் ஆயத்தமாக இருக்கிறார்.

எல்லோரும் போனபிறகு அவர் என்னைப் பார்த்து, “என்ன பிழை, அம்பலம்? ஓர் அங்குலம்கூடப் பிழையில்லையே” என்று கேட்டார். அந்தக் கட்டடம் முழுவதிலும் பதில் தெரிந்த ஒரே ஆள் நான். வாயைத் திறக்காமல் வீட்டுக்கு வந்தேன். என்னை நினைக்க எனக்கே வெட்கமாக இருந்தது.

“நான் சொல்லப்போறன் தவம்” என்றேன் அன்று பின்னேரம், குசினிக்குள் நின்று.

“என்னெண்டு? ஏழு பேர் ஆட்டு மந்தை மாதிரிக் கிடக்கிறம் எண்டோ?”

“அந்த மனுசியின்ர வேலை போகப்போகுது. எங்களாலதான்.”

“வேலை போனா வேற வேலை தேடுவா. எங்கட மானம் போனா ஆர் திருப்பித் தாறது? வீட்டுக்காரன்ர காதில விழுந்தா எல்லாரும் றோட்டில. யோசிச்சனீங்களோ?”

“அவவுக்கு இதுதான் கடைசிச் சந்தர்ப்பம். திங்கள் பத்து மணி மட்டும்தான் தவணை.”

தவநாயகி வெங்காயத்தை வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். கண் கலங்கியிருந்தது வெங்காயத்தால் அல்ல. “அண்டைக்கு அந்தச் செற்றியில இருக்கேக்க எனக்கு எவ்வளவு சந்தோசம் தெரியுமோ? இந்த நாட்டுக்கு வந்து அஞ்சு வருசத்தில அண்டைக்குத்தான் ஒரு வீட்டுக்காரி மாதிரி இருந்தனான். அதையும் பொய்யெண்டு போய்ச் சொல்லப்போறியளோ?”

வெள்ளிக்கிழமை முழுதும் நாங்கள் கதைக்கவில்லை.

சனிக்கிழமை காலை பொறுக்கமுடியாமல் கில்பேர்னில் ஒடீல் இருந்த அறையைத் தேடிப் போனேன். முன்கூட்டிச் சொல்லவில்லை. கதவைத் தட்டினேன்.

“ஒரு நிமிடம்!” என்று உள்ளேயிருந்து குரல் வந்தது. பிறகு ஏதோ தரையில் இழுபட்டது. பாத்திரம் ஒன்று விழுந்தது. அலுமாரிக் கதவைத் தோளால் இடித்து மூடும் சத்தம், அது திரும்பத் திறக்கும் சத்தம், இன்னொரு இடி. ஒரு நிமிடம் ஐந்து நிமிடமானது. நான் படியில் நின்று எல்லாவற்றையும் கேட்டேன். அவை எங்கள் வீட்டுச் சத்தங்கள். ஒன்றுகூட எனக்குப் புதிதில்லை. உலகத்திலேயே எங்கள் சனம் மட்டும்தான் இப்படிச் செய்யும் என்று அதுவரை நினைத்திருந்த மடையன் நான்.

கதவு திறந்தது. சின்ன அறை. ஒரு கதிரை, ஒரு மேசை, எல்லாம் துடைத்து வைத்தது போல இருந்தது. ஹீற்றர் போடாமல் ஓவர்கோட்டோடு நின்றார். மூடிய அலுமாரியின் இடுக்கில் ஒரு போர்வையின் நுனி எட்டிப் பார்த்தது. அந்த நுனியைப் பார்த்துக்கொண்டே நான் எல்லாவற்றையும் சொன்னேன். செற்றி, அலுமாரி, மாதா, தொட்டிக்குள் மெத்தை, பூங்காவில் நனைந்த ஐந்து பேர். ஒன்றையும் விடவில்லை.

அவருக்குக் கோபம் வந்தது. வராமல் எப்படி? “மூன்று வாரம்! மூன்று வாரம் ஒரு பொய்யை மில்லிமீற்றர் கணக்கில் வரைய விட்டீர்கள்!” என்று கத்தினார். பிறகு பிரெஞ்சில் ஏதோ திட்டினார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். கொஞ்ச நேரத்தில் குரல் தணிந்தது.

“செற்றியின் கால்கள் கம்பளத்தில் பதிந்திருக்கவில்லை. அதை நான் கண்டேன். கண்டும் ஏனென்று கேட்கவில்லை. அறை அவ்வளவு வடிவாக இருந்தது. வடிவைக் கண்டு ஏமாறுவது என் பழைய வியாதி.”

எழும்பிப் போய் அலுமாரிக் கதவை இழுத்தார். உள்ளிருந்தவை அவர் காலடியில் சரிந்தன. போர்வை, தலையணை, கழுவாத கோப்பை, உடுப்பு, உடைத்துப் பார்க்காத கடிதங்கள். “இது என்னுடையது. இனி உங்களுடையதைக் காட்டுங்கள். இப்போதே” என்றார்.

இரண்டு பஸ் மாறிச் சவுத்தாலுக்கு வந்தோம். தவநாயகி கதவைத் திறந்தாள். ஒடீலைப் பார்த்தாள். என்னைப் பார்த்த பார்வையில் நான் அந்த இடத்திலேயே எரிந்து போயிருக்கவேண்டும். ஆனால் வாசலுக்கு வந்த ஆளைத் திருப்பி அனுப்ப அவளுக்குத் தெரியாது. ஒதுங்கி வழிவிட்டாள்.

முன்னறையில் பெடியளில் ஒருவனான பாலசுப்பிரமணியன் பெற்றோல் ஸ்ரேசனில் இரவு ஷிப்ட் முடித்து வந்து குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். ஒடீல் சப்பாத்தைக் கழற்றி, மெத்தைகளுக்கு நடுவே அவன் எழும்பாதபடி கால் வைத்து நடந்தார். அளவுநாடாவை எடுக்கவில்லை. கமராவை எடுக்கவில்லை. ஈர உடுப்புக்குக் கீழே ஒரு சூட்கேசில் உட்கார்ந்து நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். தவநாயகி தேத்தண்ணி கொண்டுவந்து கொடுத்தாள், முகத்தைப் பார்க்காமல்.

“உங்கள் மனைவியிடம் சொல்லுங்கள்” என்றார் ஒடீல் மெதுவாக. “இந்த அறையை நாளைக்கே என்னால் கட்டமுடியும். ஆனால் படத்தில் அந்த அதிகாரி வரும்போது இந்தக் குடும்பம் இதை எல்லாம் ஒளித்திருக்கும் அல்லவா? அது கதை எழுதியவருக்கும் தெரியாது, டைரக்டருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. ஒளிப்பது எப்படி என்று எனக்குத் தெரியாது. உங்கள் மனைவிதான் வந்து செய்யவேண்டும்.”

நான் தமிழில் சொன்னேன். பிறகு என் பாட்டில் ஒன்றைச் சேர்த்துச் சொன்னேன். “காலமை நான் போய்க் கதவைத் தட்ட, இவவும் அஞ்சு நிமிசம் என்னை வெளியில விட்டிட்டு எல்லாத்தையும் அலுமாரிக்குள்ள அடைஞ்சவ, தவம்.”

அவள் முதன்முறையாக நிமிர்ந்து ஒடீலைப் பார்த்தாள். அந்தப் பழைய ஓவர்கோட்டையும், காதில் மறந்துபோன பென்சிலையும் பார்த்தாள்.

“அலுமாரிக்குள்ளயோ?” என்றாள். “விசரே இவவுக்கு? வாற சனம் முதல்ல பாக்கிறது அலுமாரியெல்லோ. குளிக்கிற தொட்டியெண்டா ஒருத்தரும் பாக்காயினம். அதுவும் சுருட்டி நிமித்தி வைக்கோணும். சொல்லுங்கோ அவவுக்கு.”

சொன்னேன். ஒடீல் கொப்பியைத் திறந்து அதை எழுதினார். தவநாயகி பக்கத்தில் குந்தியிருந்து, சரியாக எழுதுகிறாரா என்று எட்டிப் பார்த்தாள், தனக்குப் பிரெஞ்சு தெரியாது என்பதையும் மறந்து.

ஞாயிற்றுக்கிழமை தச்சர்களும் வர்ணக்காரரும் அரங்கத்தில் எங்கள் முன்னறையைக் கட்டினார்கள். மெத்தை, கயிறு, அரிசி மூட்டை, மெத்தை உரசிய இடத்தில் சுவரில் எண்ணெய்ப் பிசுக்கு. முன்பு செய்த செற்றியும் கண்ணாடி அலுமாரியும் அறைக்கு வெளியே காத்திருந்தன. அரங்கத்தில் குளியல் தொட்டி இல்லாதபடியால் மெத்தைகளுக்கு வேறு இடம் பார்க்கவேண்டியிருந்தது. திங்கள் காலை ஒன்பதரைக்கு ஒடீல் தவநாயகியை அறை நடுவில் நிறுத்திக் கைக்கடிகாரத்தைக் காட்டினார். “அரை மணியில் ஆள் வருகிறது.”

தவநாயகி சேலைத் தலைப்பை இடுப்பில் செருகினாள். அதன்பிறகு அங்கே நின்ற பன்னிரண்டு தொழிலாளரும் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். செற்றியும் கண்ணாடி அலுமாரியும் உள்ளே வந்தன; மெத்தைகள் சுருண்டு செற்றிக்குப் பின்னால் போயின. சூட்கேசுகள் அடுக்கப்பட்டு, மேலே விரிப்பு விழுந்து, மேசையாகின. ஈர உடுப்பு ஒரு மூட்டையாகி அரிசிக்குப் பின்னால் பதுங்கியது. எண்ணெய்ப் பிசுக்குக்கு மேல் ஒரு கலண்டர். கடைசியில் செற்றியின் பிளாஸ்டிக் உறையைச் சேலைத் தலைப்பால் துடைத்தாள். பார்க்க மூன்று வாரத்துக்கு முந்தைய அதே அறைதான். ஆனால் செற்றி சுவரை விட்டு அரை அடி முன்னால் நின்றது. விரிப்பின் கீழே ஒரு சூட்கேசின் கைப்பிடி தெரிந்தது. அறை மூச்சை அடக்கிக்கொண்டு நின்றது.

பத்து மணிக்கு டைரக்டரும் தயாரிப்பாளரும் வந்தார்கள். டைரக்டர் சுற்றிப் பார்த்தார். செற்றி ஏன் தள்ளி நிற்கிறது என்று நினைத்திருக்கவேண்டும். அதன் பின்பக்கம் எட்டிப் பார்க்க ஓரடி வைத்தார்.

“அங்க ஒண்டுமில்லை!” என்று கத்திக்கொண்டு மூலையில் நின்ற தவநாயகி பாய்ந்துவந்து அவருக்குக் குறுக்கே நின்றாள். அது அட்டைச் சுவர் என்பதோ, செற்றிக்குப் பின்னால் இருந்த மெத்தைகளில் யாரும் படுப்பதில்லை என்பதோ அந்த நேரம் அவளுக்கு ஞாபகமில்லை. முகம் சிவந்து, “இருங்கோ, இருங்கோ. தேத்தண்ணி குடிக்கிறியளோ?” என்று தமிழிலேயே கேட்டாள்.

அவருக்கு ஒரு சொல்லும் விளங்கியிராது. ஆனால் அவர் மரியாதையாக இரண்டடி பின்வாங்கினார். பிறகு ஒடீல் பக்கம் திரும்பி, “இதுதான். இந்தப் பெண் இப்போது செய்ததுதான் படம்” என்றார். ஒடீல் காதிலிருந்த பென்சிலைத் தேடிக் கொப்பியைத் தட்டிக்கொண்டிருந்தார். அழுகிறார் என்பது எனக்கு மட்டும் தெரிந்தது. நானும் அழுதேன்.

படம் பெரிதாக ஓடவில்லை. ஆனால் ஒடீலின் தொலைபேசி அடித்தது. அடுத்த ஏழு வருடத்தில் இன்னும் ஐந்து படங்கள். எங்கள் படத்தின் முடிவில் தவநாயகியின் பெயரைப் போடவேண்டும் என்று அவர் பிடிவாதம் பிடித்தார். “ஐயோ, வீட்டுக்காரன் பாத்தா?” என்று இவள் மறுத்துவிட்டாள். அதனால் நன்றி சொல்லும் வரிசையில் கிறிஸ்துராஜாவின் பெயர் வந்தது. மனுசன் அதை இன்றைக்கும் ஊர் முழுக்கச் சொல்லித் திரிகிறார்.

1997இல் நாங்கள் மோர்டனில் சொந்த வீட்டில் இருந்தோம். ஒருநாள் ஒடீல் தொலைபேசியில் கூப்பிட்டார். ஈலிங்கில் ஒரு சின்ன வீடு வாங்கியிருக்கிறாராம். “இருபத்தைந்து படத்தில் மற்றவர்களுக்கு வீடு கட்டினேன், அம்பலம். எனக்கென்று ஒன்று இப்போதுதான். இரண்டு பேரும் வாருங்கள். வரும்போது சொல்லவேண்டாம்.”

சொல்லாமல் போவதற்கு எனக்கு இரண்டு மாதம் துணிவு வரவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை வெளிக்கிட்டு நின்றபோதும் கை தானாகத் தொலைபேசிக்குப் போனது.

“வையுங்கோ அதை” என்றாள் தவநாயகி. “போன் அடிச்சா அந்த மனுசி திரும்பவும் எல்லாத்தையும் அலுமாரிக்குள்ள அடையத் தொடங்கிவிடும்.”

ஈலிங்கில் கதவைத் தட்டிவிட்டு நாங்கள் இருவரும் காதைக் கொடுத்துக்கொண்டு நின்றோம். உள்ளே எதுவும் இழுபடவில்லை. எதுவும் விழவில்லை. கதவு உடனே திறந்தது.

அறையில் இருந்த ஒரே நல்ல கதிரையில் துவைத்த உடுப்புகள் குவிந்து கிடந்தன. ஒடீல் அவற்றை எடுக்கப் போகவில்லை. தவநாயகி அந்தக் குவியலைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டு கதிரையில் உட்கார்ந்தாள். ஒரு சட்டையை உதறி மடிக்கத் தொடங்கினாள்.

“தேத்தண்ணி போடுங்கோ ஒடீல்” என்றாள்.